ஈரத்திரையின் பின்பக்கம்

என் முதல் மலை கேம்ப்பிலேயே சிக்கல் வந்தது. 1950களில், ஊர் ஊராகப் போய்ப் படம் காட்டும் சர்க்கார் ஜீப்பில் நான் ஆபரேட்டர், போடியில் வேலை. கல்லில் சிலை வடிக்கும் சிற்பி ஒருவரைப் பற்றிய படத்தோடு, போடிமெட்டுக்கு மேலே ஓர் ஏலக்காய்த் தோட்டத்துக்குப் போயிருந்தேன். புரொஜெக்டரை இறக்கும்போதே மேனேஜர் வந்துவிட்டார்.

"பங்களா ஹால்ல காட்டுப்பா. ஸ்டாஃப் மட்டும் பாத்தாப் போதும். காய் எடுக்கிற ஆளுகளுக்கு இதெல்லாம் என்னத்துக்கு?"

அதற்குள் தொழிலாளர் குடியிருப்பான லயத்துச் சனம் முற்றத்தில் கூடிவிட்டது. போடிக்குப் பக்கத்துக் கிராமமான சிலமலையிலிருந்து காய் எடுக்க வந்திருந்த பேச்சியம்மா என்னிடம் வந்தார்.

"அண்ணே, சிலை செய்றதக் காட்டப் போறீகளாம்ல. ஓரமா நின்னு பாத்துட்டுப் போயிர்றோம்."

எனக்குச் சுருக்கென்றது. மேனேஜரை எதிர்த்தால் வேலைக்கு ஆபத்து. ஆனால் டூரிங் டாக்கீஸ் ஆட்களிடம் கற்ற வித்தை ஒன்று கைவசம் இருந்தது. புரொஜெக்டரை ஹாலுக்குள் வைத்து, திரைத்துணியை நனைத்து, ஹாலுக்கும் முற்றத்துக்கும் இடையே வராந்தாத் தூண்களுக்கு நடுவே கட்டினேன். ஈரத்துணியில் படம் மறுபக்கமும் நன்றாகத் தெரியும்.

"எதுக்குய்யா நனைக்கிற?"

"சுருக்கம் போகும் சார்."

ஹாலில் ஸ்டாஃப் பார்த்தார்கள். முற்றத்தில் சனம் பார்த்தது. என் கெட்டிக்காரத்தனத்தை நினைத்து எனக்குத் தலைகால் புரியவில்லை.

சீசன் முடிந்தபின் சிலமலையில் அதே படத்தைப் போட்டேன். முடிந்ததும் பேச்சியம்மா நேரே என்னிடம் வந்தார்.

"மலையில இந்தச் சிற்பி இடது கையில சுத்தியல் பிடிச்சாரு. இன்னைக்கு வலது கை. எது நெசம்ண்ணே?"

வலது கைதான் நிஜம், ஈரத்திரையின் பின்பக்கமிருந்து பார்த்தால் இடம் வலமாகத் தெரியும் என்ற விஷயத்தைச் சொன்னேன்.

"அப்ப எங்களுக்குப் பின்பக்கந்தான் காட்டியிருக்கீக. அந்தாளு இடக்கைக்காரருன்னு ஊரெல்லாம் சொல்லிக்கிட்டுத் திரிஞ்சேன்."

எனக்கு வெட்கமாகப் போயிற்று.

அடுத்த சீசனில் அதே படத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டு அதே தோட்டத்துக்குப் போனேன். திரையை முற்றத்தில், பங்களாச் சுவரை ஒட்டிக் கட்டினேன். நனைக்கவில்லை.

"வராந்தாவுல கட்டலையா?" என்றார் மேனேஜர்.

"இல்ல சார். இந்த வாட்டி எல்லாரும் முன்பக்கம்தான். உங்களுக்கும் இங்கயே நாற்காலி போடச் சொல்லுங்க."

"ஒன் ஆபீசுக்கு எழுதுவேன்."

"எழுதுங்க சார். சனத்துக்குக் காட்டத்தான் ஆபீஸ்ல அனுப்பியிருக்காக."

அவர் எழுதவில்லை. நாற்காலியை வரவழைத்து, முழுப் படத்தையும் பார்த்தார். சிற்பி உளியில் முதல் அடி வைத்தபோது, பேச்சியம்மா பக்கத்திலிருந்தவரிடம் சொன்னது என் காதுவரை வந்தது.

"நல்லாப் பாத்துக்க. வலது கை."

இந்த வேலைக்கு வரும் தம்பிகளுக்குச் சொல்கிறேன்: ஃபோகஸைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். சனம் எந்தப் பக்கம் உட்காரப்போகிறது என்று கேட்டுவிட்டுத் திரையைக் கட்டுங்கள்.