வண்டி ஏறுதா என்று பார்க்க

கோடை விடுமுறைக்குக் கோவை, ஊட்டி, மூணாறு, கொச்சி என்று போனில் வழி பார்த்து, தங்கும் இடங்களை எல்லாம் முடிவு செய்தவள் நான். நாத்தனார் குடும்பமும் வருவதாகச் சொன்னதும் காரில் ஓர் இடம் குறைந்தது.

"நீ மலையிலியே பொறந்தவ. உனக்கு இன்னாத்துக்கு ஊட்டி?" என்றார் மாமியார். எல்லோரும் சிரித்தார்கள். என் கணவரும்தான்.

மறுநாளே அவர் என்னை ஒடுகத்தூரிலிருந்து ஜவ்வாது மலைக்கு, அம்மா வீட்டுக்குக் கூட்டி வந்தார். வளைவுகளில் புதுக் கார் நன்றாகவே இழுத்தது. வாசலில் என்னை இறக்கிவிட்டு, எஞ்சினை அணைக்காமலே திருப்பிக்கொண்டு போய்விட்டார்.

"இன்னாடி, மாப்பிள எறங்கக்கூட இல்ல?" என்றாள் அம்மா.

"வண்டி மலை ஏறுதான்னு பாக்க வந்தாரும்மா. ஏறிடுச்சி, போய்ட்டாரு."