அவசரக்காரத் திரளும் என் விசிலும்

என்னிடம் ஒரு வானம் இருக்கிறது. மடித்தால் ஆம்னி வேனின் பின்பக்கம் அடங்கிவிடும். கறுப்புத் துணியில் தைத்த பெரிய கூடாரம். உள்ளே கம்பு, கம்பி எதுவும் கிடையாது. வெளியே ஒரு பெரிய ஃபேன் ஓயாமல் காற்றை உள்ளே தள்ள, அந்தத் தயவில் கவிழ்த்த இட்லி போல எழுந்து நிற்கும். பிள்ளைகள் ஒரு துணிக் குழாய் வழியாகத் தவழ்ந்து உள்ளே வருவார்கள். நடுவில் நானும் புரொஜெக்டரும். வெளியே ஃபேனுக்குக் காவலாக என் மனைவி. ராமநாதபுரம் மாவட்டத்துப் பள்ளிக்கூடங்களுக்கு வானத்தைக் கொண்டுபோய்க் காட்டுவதுதான் எங்கள் பிழைப்பு.

ஒரேயொரு சிக்கல், நான் பயந்தாங்கொள்ளி. பாம்பன் பாலத்தின் நடுவில் ஒருமுறை பஸ் நின்றுபோனது. டிரைவர் இறங்கிப் பார்ப்பதற்குள் நான் செருப்பைக் கழற்றி, சட்டையில் இரண்டு பொத்தானையும் அவிழ்த்திருந்தேன், நீந்துவதற்காக. எனக்கு நீச்சல் தெரியாது. இடுப்பு வலிக்கு ஸ்கேன் எடுக்கப் போனபோது, பயமாக இருந்தால் அமுக்குங்கள் என்று கையில் ஒரு ரப்பர் பந்தைக் கொடுத்தார்கள். நான் அமுக்கியபோது மெஷின் இன்னும் ஓடவே ஆரம்பிக்கவில்லை. அடைபட்ட இடம் என்றால் எனக்கு அப்படித்தான். என் வானத்துக்குள் மட்டும் பயம் வராது. தலைக்கு மேலே பால்வெளி ஓடும்போது அதைக் கூரை என்று யார் நினைப்பார்கள்?

போன ஆடியில், புதுமடம் பக்கம் கடலோரத்தில் ஒரு நடுநிலைப் பள்ளி. காலை பதினோரு மணி இருக்கும். கச்சான் காற்று மணலை வாரி இறைத்துக்கொண்டிருந்தது. மைதானத்துப் பூவரச மரங்களில் வலைக்கயிற்றைக் கட்டிக் கூடாரத்தை நிறுத்தினோம். உள்ளே நாற்பது சொச்சம் பிள்ளைகள், துணைக்கு ஒரு டீச்சர். வெள்ளை முக்காடு போட்ட, அதிகம் பேசாத அம்மா. வாசல் குழாய்க்கு அருகில் சம்மணம் போட்டு உட்கார்ந்திருந்தார்.

அன்றைக்கு என் சரக்கு விண்மீன் திரள்கள். ஒரு திரளுக்குக் குளிர்ந்த வாயுதான் முதல்; அதிலிருந்துதான் நட்சத்திரங்கள் பிறக்கின்றன. நம் பால்வெளி நிதானக்காரத் திரள். வருடத்துக்கு ஒன்றிரண்டு சூரியன்களுக்கான வாயுவைத்தான் செலவழிக்கும், அதனால் நெடுங்காலம் பிழைத்துக் கிடக்கிறது. அவசரக்காரத் திரள் அப்படியல்ல. பக்கத்துத் திரளோடு உரசும், வாயு நசுங்கும், நட்சத்திரங்கள் கும்பல் கும்பலாகப் பிறக்கும். அவற்றில் பெரியவை சீக்கிரமே வெடித்துச் சாகும். வெடித்த வேகத்தில் மிச்ச வாயுவும் திரளைவிட்டு வெளியே அடித்துக்கொண்டு போய்விடும். அப்புறம் புதிதாகப் பிறக்க எதுவும் இல்லை. இருப்பவை சிவந்து, மங்கி, மூப்பெய்த வேண்டியதுதான்.

இதைப் பாடமாகச் சொன்னால் பிள்ளைகள் தூங்கிவிடுவார்கள். அதனால் ஒரு வேலை செய்து வைத்திருந்தேன். கடைசியில் நான் விசில் ஊதுவேன். ஊதியதும் எல்லோரும் ஒரே நேரத்தில் எழுந்து குதித்துக் கத்த வேண்டும். அதுதான் நட்சத்திரப் பிறப்பு. திருப்புல்லாணியில் இந்தக் குதியில் இரண்டு பேர் மண்டை மோதி ஒருவனுக்குப் பல் போனது. ஆடிக்கொண்டிருந்த பால் பல் என்பதால் நான் தப்பித்தேன்.

அன்றும் சொல்லிவைத்துவிட்டேன். பிள்ளைகள் குந்தவைத்து, பாயத் தயாராக இருந்தார்கள். விசிலை வாயில் வைத்தேன். அப்போது ஃபேன் சத்தம் நின்றது.

கரண்ட் போய்விட்டது. புரொஜெக்டருக்கு மட்டும் பேட்டரி வாங்கி வைத்திருந்த மகாராசன் நான். நட்சத்திரங்களுக்கு மாற்று ஏற்பாடு உண்டு, காற்றுக்கு இல்லை. ஃபேன் நின்றாலும் கூடாரம் உடனே விழாது, கொஞ்சம் கொஞ்சமாகத்தான் இறங்கும். இறங்கும் துணியும் பஞ்சு கனம். அதனால் யாருக்கும் ஒன்றும் ஆகாது. ஆனால் இருட்டு, ஒரே ஒரு ஓட்டை, குதிப்பதற்கென்றே உசுப்பேற்றி வைத்த நாற்பது பிள்ளைகள். ஒருவன் அலறினால் போதும், எல்லோரும் அந்த ஓட்டைக்குப் பாய்வார்கள். மிதிபடும் பிள்ளைக்குத் துணியின் கனம் பற்றி நான் விளக்கம் சொல்ல முடியாது.

விசிலை வாயிலிருந்து எடுத்தேன். அது கயிற்றோடு கழுத்தில் தொங்கியது.

"சார், கேலக்ஸி கிட்ட வருது சார்," என்றான் ஒருவன் சந்தோஷமாக. கச்சான் அடித்த பக்கம் துணி உள்வாங்கி, பால்வெளி ஒடுங்கிய சொம்பாக இருந்தது.

"வரும்ல. காசு குடுத்துப் பாக்குறோம், கிட்ட வராம போகுமா?" என்றேன். பயம் வந்தால் என் வாய் நிற்காது. பிள்ளைகள் சிரித்தார்கள்.

"சார்," என்று டீச்சர் மெதுவாக அழைத்தார். "இது கீழ இறங்குதே."

"காட்சிதான் டீச்சர்."

"உங்க குரல் அப்படிச் சொல்லலையே சார்."

குழாய் வழியாக என் மனைவியின் தலை வந்தது. "என்னங்க, கரண்..."

"வாங்க, வாங்க," என்று குறுக்கே விழுந்தேன். "பிள்ளைகளா, இவங்கதான் பால்வெளிக்கு வாசல்காரம்மா. நாம இப்ப நிதானக்காரத் திரள். ஒண்ணு பிறந்து வெளிய போன பிறகுதான் அடுத்தது."

இருபத்தைந்து வருடம் என்னோடு குப்பை கொட்டியவள். ஒரு நொடிதான் பார்த்தாள். "ஆமா, வாங்க. தள்ளுற நட்சத்திரத்துக்கு இங்கன இடமில்ல," என்றாள்.

பிள்ளைகளுக்குத்தான் பொறுக்கவில்லை.

"அவசரக்காரத் திரள்னுதான சொன்னீக?"

"விசில் எப்ப சார் ஊதுவீக?"

"ஏமாத்துறீக சார்," என்றாள் முன்வரிசையில் ரெட்டைச் சடைக்காரி ஒருத்தி.

"அவசரக்காரனுக்குக் கடைசில என்ன ஆகும்? சொல்லு பாப்போம்."

"உள்ள இருக்க காத்தெல்லாம் வெளிய போயிரும்."

சொன்னவள் அண்ணாந்து பார்த்தாள். துணியைப் பார்த்தாள், பிறகு என்னை. வாய் லேசாகத் திறந்தது. பாம்பன் பாலத்தில் போலவே என் கை தானாகச் சட்டைப் பொத்தானுக்குப் போனது. அவள் சத்தம் போடுவதற்குள் டீச்சரின் கை அவள் தோளில் விழுந்தது.

"உனக்குத்தான் புரிஞ்சிருச்சுல்ல. வா, நீதான் முதல் நட்சத்திரம். பேசாம போகணும்."

போனாள். வெளியிலிருந்து மனைவியின் குரல், பிரசவ வார்டு நர்ஸ் மாதிரி வந்தது. "பிறந்தாச்சு. அடுத்தது வா."

ஒவ்வொரு பிள்ளை போகும்போதும் குழாய் வழியாக ஒரு வாய்க் காற்றும் கூடவே போனது. நிறுத்தவும் முடியாது, வேகப்படுத்தவும் முடியாது. பாதிப் பேர் போனபோது துணி என் தலையைத் தொட்டது. புரொஜெக்டர் ஸ்டாண்டைக் கழற்றி முட்டுக் கொடுத்தேன். "பால்வெளியில எல்லாரும் தவழ்ந்துதான் போகணும்," என்று ஒரு புது விதியும் போட்டேன். தவழ்ந்தார்கள். ஒருவன் மட்டும் நின்று, "பயமா இருக்கு சார்," என்றான்.

"எனக்கும்தான். அதுக்காக வரிசைய விடலாமா?" என்றேன். அன்று நான் பேசிய ஒரே உண்மை அதுதான்.

கடைசியில் டீச்சர் குழாயருகே திரும்பிப் பார்த்தார். "நீங்க வாங்க சார்."

"புரொஜெக்டர எடுத்துட்டு வாரேன்." அவர் போய்விட்டார்.

பிள்ளைகள் எல்லோரும் போயாயிற்று என்று தெரிந்ததும், அதுவரை முட்டுக் கொடுத்து வைத்திருந்த பயம் மொத்தமாக என்மேல் சரிந்தது. கூடவே வானமும். கறுப்புத் துணி முகத்தில் ஒட்டியது. குழாய் எந்தப் பக்கம் என்று தெரியவில்லை. என் தொப்பையின் மேல் மட்டும் ஒரு விண்மீன் திரள் சுழன்றுகொண்டிருந்தது. கத்த வாயைத் திறந்தேன், துணிதான் உள்ளே வந்தது. கழுத்தில் விசில் இருந்தது. இருக்கிற மூச்சையெல்லாம் திரட்டி ஊதினேன்.

வெளியே பூமி அதிர்ந்தது. நாற்பது சொச்சம் பிள்ளைகளும் மைதானத்து மணலில் ஒரே நேரத்தில் குதித்துக் கத்தினார்கள். நான் உதவிக்குத்தான் மறுபடி ஊதினேன். அவர்கள் மறுபடியும் பிறந்தார்கள்.

என் மனைவி துணிக்குள் தவழ்ந்து வந்து, கையில் அகப்பட்ட என் காலைப் பிடித்து இழுத்தாள். வெயிலில் நான் வந்து விழுந்தபோது தலையெல்லாம் மணல். ரெட்டைச் சடைக்காரி மூச்சிரைக்க எதிரில் நின்றாள்.

"வெளிய வச்சு ஊதுனதுதான் சார் நல்லாருக்கு. இங்கன எம்புட்டு வேணாலும் குதிக்கலாம்."

"அதுக்குத்தாம்மா," என்றேன். மனைவி முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரித்தாள்.

அந்த வாரமே பேட்டரியை ஃபேனுக்கு மாற்றிவிட்டோம். கரண்ட் போனால் நட்சத்திரங்கள் அணையட்டும். விசில் இப்போது அவள் கழுத்தில் இருக்கிறது. பிள்ளைகள் எல்லோரும் வெளியே வந்து, மைதானத்தில் தள்ளித் தள்ளி நின்ற பிறகுதான் ஊதுகிறாள்.