தள்ளினால் மட்டும் ஓடிய கார்

எங்கள் காருக்கு மூன்று வைத்தியம் நடந்திருந்தது. ஒரு மெக்கானிக் பேட்டரியை மாற்றினார். இன்னொருவர் வண்டியைக் கிளப்பும் செல்ப் மோட்டாரைக் கழற்றி, கார்பன் பிரஷ் புதிதாகப் போட்டார். என் மாமனார் முன்பக்கத்தில் எலுமிச்சம்பழமும் மிளகாயும் கட்டினார். மூன்றுக்கும் அது மசியவில்லை. ஏழாயிரம்பண்ணைக்கு அப்பால், கரிசல் காட்டுக்கு நடுவே இருந்த எங்கள் பட்டாசுக் கம்பெனிக்குப் போய் உச்சி வெயிலில் ஒரு மணி நேரம் நின்றால் போதும். அதற்குப் பிறகு சாவியைத் திருப்பினால் ‘உம்’ என்றுகூடச் சொல்லாது.

செல்போன் வந்துவிட்டது, ஆனால் கம்பெனிப் பக்கம் சிக்னல் வரவில்லை என்றிருந்த வருடங்கள் அவை. கார் பேருக்குத்தான் குடும்பக் கார். ஓட்டியது நான். என் கணவர் வருடத்தில் பாதி நாள் ஆர்டர் பிடிக்க வடக்கே போய்விடுவார். பட்டாசுப் பெட்டிகளுக்கு ஒட்டும் லேபிள் என் பொறுப்பு. சிவகாசியில் அச்சகத்தில் நின்று, சிவப்பு சிவப்பாக விழுகிறதா என்று பார்த்து, கட்டுகளை டிக்கியில் ஏற்றி, கம்பெனியில் கொண்டுபோய் இறக்குவேன். கல்யாணமாகி ஆறு வருடம் வீட்டுக்குள் இருந்துவிட்டு, சண்டை போட்டு வாங்கிய வேலை அது. கார் போனால் லேபிள் கட்டு கம்பெனி வேனில் போய்விடும். நான் வீட்டோடு.

அந்தக் காரைத்தான் மாமா விற்கப் போவதாகச் சொன்னார். “நம்ம ராசிக்கு இந்த வண்டி ஒத்து வரலம்மா” என்று ஒரே வரியில் முடித்துவிட்டார். விருதுநகரில் பருப்பு வியாபாரம் செய்யும் ஒருவர், தரகரோடு வெள்ளிக்கிழமை நாலு மணிக்கு எங்கள் சிவகாசி வீட்டுக்கு வந்து வண்டியைப் பார்ப்பதாக ஏற்பாடு.

மாமா கெட்டவர் இல்லை. கண்டிப்பானவர். அந்தக் கண்டிப்புதான் கம்பெனியில் அத்தனை பேரையும் சாயங்காலம் முழுசாக வீட்டுக்கு அனுப்பிக்கொண்டிருந்தது. உள்ளே வருகிற யாரும் கேட்டில் தீப்பெட்டி, பீடி, செல்போன் எல்லாவற்றையும் வாட்ச்மேனிடம் கொடுத்துவிட்டுத்தான் நுழைய வேண்டும். மாமாவே தினமும் தன் சட்டைப் பையைத் தட்டிக் காட்டிவிட்டுத்தான் வருவார். வண்டி விஷயத்திலும் அவர் சட்டம் அப்படித்தான். கேட்டுக்குள் பானெட்டைத் திறக்கக் கூடாது. ஸ்குரூடிரைவரோ ஒயரோ எடுக்கக் கூடாது. வெளியூர் மெக்கானிக் என்றால் செல்ப் எடுக்காத வண்டிக்கு ஸ்குரூடிரைவரை மோட்டார் முனையில் குறுக்கே வைத்து ஒரு தட்டுத் தட்டுவார்; பொறி பறக்கும், வண்டி எடுத்துவிடும். எங்கள் ஊரில் பொறி என்ற சொல்லைக் கேட்டாலே நாலு பேர் எழுந்து நிற்பார்கள்.

அதனால் வண்டி நின்றால் எங்களுக்குத் தெரிந்தது ஒன்றுதான்: தள்ளுவது. சாப்பாட்டு நேரத்தில் கம்பெனிப் பெண்கள் ஏழெட்டுப் பேர் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு வந்துவிடுவார்கள். “அக்கா, இந்த வண்டிக்கு டீசல் ஊத்துறதுக்குப் பதிலா எங்களுக்குக் கறிச்சோறு போட்டுருங்க” என்று ஒருத்தி சொல்ல, மற்றவர்கள் சிரிக்க, கேட்டைத் தாண்டியதும் நான் இரண்டாவது கியரில் கிளட்சை விட, வண்டி உதறிக்கொண்டு எடுக்கும். நேரே சிவகாசி மெக்கானிக்கிடம் போவேன். அவர் சாவியைத் திருப்புவார். முதல் திருப்பிலேயே எடுக்கும். பத்துத் தடவை திருப்புவார், பத்துத் தடவையும் எடுக்கும். என்னைப் பார்ப்பார். அந்தப் பார்வைக்கு என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியும். ‘பொம்பளை ஓட்டினால் இப்படித்தான்’ என்று அர்த்தம். பிறகு சும்மா அனுப்பக் கூடாதே என்று எதையாவது மாற்றுவார். ஆயிரம் பேரைக் கொன்றவன் அரை வைத்தியன் என்பார்கள். எங்கள் கார் அந்த ஆயிரத்தில் ஒன்று.

எனக்கு உறைக்க நாளானது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் உறைத்தபோது நன்றாக உறைத்தது. ஒரு நாள் ராத்திரி பாத்திரம் கழுவிக்கொண்டே யோசித்தேன். காலையில் எடுக்கிறது. நிழலில் எடுக்கிறது. சூடேறி நின்றால் மட்டும் மறுக்கிறது. தள்ளி எடுத்து ஓட்டினால் காற்றுப் பட்டு ஆறிவிடுகிறது. ஆறினால் நல்ல பிள்ளை. மெக்கானிக் எவனும் அது முரண்டு பிடிக்கும்போது பார்த்ததே இல்லை. பார்த்த நாங்களோ பானெட்டைத் திறக்காமல் தள்ளிக்கொண்டு போனவர்கள். தள்ளத் தள்ள, நாங்களே கோளாறை ஒளித்து வைத்துக்கொண்டிருந்தோம்.

பேட்டரி சூட்டில் படுத்து, காற்றில் எழுந்து உட்காராது. ரிலே அப்படிச் செய்யும். சாவியைத் திருப்பினால் செல்ப் மோட்டாருக்கு நேரே கரண்ட் போகாது. நடுவில் தீப்பெட்டி அளவு கறுப்பு டப்பா ஒன்று ‘டிக்’கென்று மூடி, கரண்டை விடும். அதுதான் ரிலே. உள்ளே இருக்கும் கம்பிச் சுருளில் எங்கோ முடி அளவு விரிசல் இருந்தால், குளிரில் ஒட்டிக்கொள்ளும், சூட்டில் விலகிக்கொள்ளும். இதெல்லாம் எனக்கு எப்படித் தெரியும் என்றால், கல்யாணத்துக்கு முன்னால் நான் விருதுநகரில் எலக்ட்ரிகல் டிப்ளமோ படித்தவள். ஆய்வுக்கூடத்தில் ரிலேயைப் பிரித்து மாட்டிய கை இது. அந்த வீட்டில் அதை யாரும் ஞாபகம் வைத்திருக்கவில்லை என்பது வேறு விஷயம்.

வெள்ளிக்கிழமை வந்தது. வெயில் கொளுத்தியது. மத்தியானம் லேபிளை இறக்கிவிட்டு வந்து சாவியைத் திருப்பினேன். சத்தமே இல்லை. வாழ்க்கையில் ஒரு கோளாறைப் பார்த்து அவ்வளவு சந்தோஷப்பட்டதில்லை.

மாமாவும் அன்று என்னோடு காரில் சிவகாசி திரும்ப வேண்டியிருந்தது. பருப்பு வியாபாரி நாலு மணிக்கு வருகிறாரே. நான் ஓட்ட அவர் உட்கார்ந்தது அதுவரை கிடையாது. “எனக்கு வேன்தான் சௌகரியம்” என்று வேலையாட்களோடு போய்விடுவார். வேன் அஞ்சு மணிக்குத்தான் என்பதால் அன்று வேறு வழியில்லை. பெண்களைக் கூப்பிட்டுத் தள்ளச் சொன்னார்.

“தள்ளுங்க. ஆனா நான் கியர் போட மாட்டேன்” என்றேன்.

“பெறகு எதுக்கும்மா தள்ளணும்?”

“கேட்டுக்கு வெளியே போக, மாமா. அங்கன நிறுத்திப் பானெட்டைத் திறக்கப் போறேன். இன்னைக்குத்தான் திருடன் கையும் களவுமா மாட்டியிருக்கான்.”

“மணி ரெண்டாச்சு. சிவகாசி போயிட்டா வண்டி நல்லாத்தான் எடுக்கும். அந்த ஆளுக்கு என்ன தெரியப் போகுது?”

“அவரும் நாளைக்கு வெயில்ல நிப்பாருல்ல? கால் மணி நேரம் குடுங்க. சரியாயிட்டா விக்கக் கூடாது.”

“பாக்கலாம்” என்றார். அவர் அகராதியில் அதற்கு ‘முடியாது’ என்று பொருள். இருந்தாலும் கால் மணி நேரத்தை மட்டும் கொடுத்தார்.

கேட்டைத் தாண்டி, சட்டம் முடிகிற இடமும் தாண்டி, நூறு அடி தள்ளி ரோட்டோரம் நிறுத்தச் சொன்னேன். மாமாவை டிரைவர் சீட்டில் உட்கார வைத்து, நியூட்ரலில் இருக்கிறதா என்று நானே ஆட்டிப் பார்த்தேன். முதலில் ஹெட்லைட்டைப் போட்டேன். கையைக் குவித்து மறைத்துப் பார்த்தால் பளிச்சென்று எரிந்தது. சாவியைத் திருப்பச் சொன்னேன். மோட்டார் கரண்டை இழுத்தால் விளக்கு மங்க வேண்டும்; வெளிச்சம் துளியும் மங்கவில்லை. பேட்டரி நன்றாக இருக்கிறது, செல்ப் மோட்டாருக்கு கரண்டே போகவில்லை என்று அதிலேயே தெரிந்துவிட்டது. பழி ஓரிடம், பாவம் ஓரிடம். நல்ல பேட்டரியைத் தூக்கிப் போட்டிருந்தோம்.

பானெட்டுக்குள் பியூஸ் பெட்டியின் மூடியைத் திறந்து, செல்ப் ரிலேயின் தலையில் விரலை வைத்தேன். சுட்டது. முந்தானையை நடுவில் வைத்துக்கொண்டு, “திருப்புங்க மாமா” என்றேன். விரலுக்கடியில் ஒன்றுமில்லை. செத்த எலி மாதிரிக் கிடந்தது. பக்கத்தில் அதே அச்சில் இன்னொரு ரிலே இருந்தது, ஹாரனுக்குரியது. “இப்ப ஹாரனை அமுக்குங்க.” ‘டிக்’கென்று விரலில் தட்டியது, ஹாரனும் அலறியது. மரத்தடியில் நின்ற பெண்கள் காதைப் பொத்திக்கொண்டார்கள்.

சாவியை எடுக்கச் சொல்லிவிட்டு இரண்டு ரிலேயையும் முந்தானையால் பிடித்துப் பிடுங்கினேன். இரண்டிலும் நாலு கால், தலையில் ஒரே எண். இதன் இடத்தில் அது, அதன் இடத்தில் இது. மாற்றி அழுத்தினேன்.

“இப்பத் திருப்புங்க.”

வண்டி எடுத்தது. யாரும் தள்ளாமல், அந்த வெயிலில், முதல் திருப்பில் எடுத்தது. பெண்கள் குலவை போட்டார்கள். ஹாரனை அமுக்கச் சொன்னேன், சத்தமில்லை. நோய் ரிலேக்குத்தான், இடத்துக்கு இல்லை என்று அதோடு உறுதியாகிவிட்டது. கெட்ட ரிலேயைப் பிடுங்கி மாமாவின் உள்ளங்கையில் வைத்தேன். ஆறு மாதமாக எங்களை ஆட்டி வைத்தது இதுவா என்று அவர் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

பிறகு சொன்னார்: “நல்லதாப் போச்சு. இனி அந்த ஆளு கிட்ட தைரியமாக் குடுக்கலாம். ஏறு, நேரமாச்சு.”

எனக்குத் தலையில் யாரோ தண்ணீரைக் கொட்டியது போல் இருந்தது. சரி செய்ததன் மூலம் விற்பதைச் சுலபமாக்கிக் கொடுத்திருக்கிறேன். அவர் பக்கத்து சீட்டுக்கு நகர்ந்ததும், பானெட்டை அறைந்து மூடிவிட்டு ஏறி ஸ்டியரிங்கைப் பிடித்தேன்.

ஏழாயிரம்பண்ணையிலிருந்து சிவகாசி வரை ஹாரன் இல்லாமல் காரோட்டிப் பார்த்தால்தான் தெரியும், நம் ரோட்டில் பிரேக்குக்கு அடுத்தது ஹாரன்தான் என்று. முதலில் ஒரு ஆட்டுக் கூட்டம். நான் நிறுத்திவிட்டுக் காத்திருந்தேன். மாமா பொறுக்காமல் கதவை வெளிப்பக்கம் படபடவென்று தட்டி, “ஏலே, ஆட்டப் பத்துலே!” என்று கத்தினார். ஆட்டுக்காரன் திரும்பிப் பார்த்து வழிவிட்டான். அப்புறம் அதுவே வழக்கமாகிவிட்டது. சைக்கிள், மினிபஸ், வைக்கோல் வண்டி எல்லாவற்றுக்கும் மாமாதான் ஹாரன். வேட்டி சட்டையில் விறைப்பாக உட்கார்ந்து பழகிய மனிதர், பாதி உடம்பை வெளியே நீட்டிக்கொண்டு வந்தார். எனக்குக் கோபத்துக்கு நடுவிலும் சிரிப்பு வந்தது.

ஆள் இல்லாத நீள ரோட்டில் வந்ததும் உள்ளே சாய்ந்தார். கையில் அந்த ரிலே இருந்தது.

“இதையெல்லாம் எங்கன படிச்ச?”

“விருதுநகர்ல, மாமா. மூணு வருசம். பொண்ணு பாக்க வந்தப்பவே எங்க அப்பா சொன்னாரே.”

“சொன்னாரா?”

“சொன்னாரு. நீக காப்பி நல்லாருக்குன்னு சொன்னீக.”

அடுத்த கிராமத்தில் ரோட்டைக் கடந்த ஒரு கோழிக்காகக் கதவைத் தட்டினார்.

சிவகாசிக்குள் நுழையும் இடத்தில் லாரி ஒன்று திரும்பிக்கொண்டிருந்ததால் நின்றோம். டீக்கடை பெஞ்சிலிருந்து மாமாவுக்குத் தெரிந்த ஒருவர், இன்னொரு பட்டாசுக் கம்பெனி முதலாளி, குனிந்து பார்த்தார். “என்ன அண்ணாச்சி, டிரைவர் வரலையாக்கும்?” என்று கேட்டார். மாமா என்னை ஒரு தரம் பார்த்தார். “வந்திருக்கு. மெக்கானிக்கும் அதுதான்” என்றார்.

ஸ்பேர் பார்ட்ஸ் கடையில் நான் இறங்குவதற்குள் அவரே இறங்கிப் போய் ரிலேயை மேசையில் வைத்தார். கடைக்காரர் புரட்டிப் பார்த்துவிட்டு, “எந்த மெக்கானிக் சொன்னாரு? மாட்ட ஆள் அனுப்பவா?” என்றார்.

“ஆள் இருக்கு” என்றார் மாமா.

“ஒண்ணு போதுமா?”

மாமா மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். யோசிக்கும்போது அப்படிச் செய்வார். “ரெண்டு குடுங்க. ஒண்ணு வண்டியில கெடக்கட்டும்” என்றார்.

விற்கப் போகிற வண்டிக்கு எந்த வியாபாரியும் உபரி ரிலே வாங்க மாட்டான். அது எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும். கடை வாசலிலேயே பானெட்டைத் திறந்து, காலியாக இருந்த ஹாரன் இடத்தில் புதியதை மாட்டி, மற்றதை டேஷ்போர்டுக்குள் போட்டேன்.

எங்கள் தெரு முனையில் திரும்பியபோது நாலு மணி தாண்டியிருந்தது. வீட்டு வாசலில், நடுத்தெருவில், பருப்பு வியாபாரியும் தரகரும் எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு பேசிக்கொண்டிருந்தார்கள். பழக்க தோஷத்தில் மாமா கதவைத் தட்டக் கையை வெளியே எடுத்தார். அதற்குள் நான் ஹாரனை அமுக்கிவிட்டேன். இருவரும் துள்ளி விலகி, ஓட்டுவது யார் என்று குனிந்து பார்த்தார்கள்.

மாமா கையை உள்ளே இழுத்து மடியில் வைத்துக்கொண்டார்.

“இன்னொரு தரம் அமுக்கு” என்றார்.