மேலிருந்து விழுந்த ரோஸ்

என் வாப்பாவும் மாமாவும் வாப்பாவின் கூட்டாளி ஒருவரும் சேர்ந்து ஒரு தத்துவம் வைத்திருந்தார்கள். ஊரில் அதற்குக் கலர் ஜமாஅத் என்று பெயர். மூவரும் கனமூலைப் பக்கத்துக் கடல்நீர்க் களப்போரத்தில் சின்ன வயதிலிருந்தே உப்புச் செய்தவர்கள். ஐந்து வேளையும் தொழப் பள்ளிக்குப் போனதால் யாரும் அவர்களைத் தடுக்கவில்லை. கேலி மட்டும் செய்தார்கள். மதுரங்குளிச் சந்தியில் தேத்தண்ணிக் கடைக்காரர், அவர்கள் நுழைந்ததுமே கேட்பார்:

"நானாமாருக்கு பிளேன்டி என்ன நிறத்துல நிக்கட்டும்?"

"மொதல்ல கிளாஸைக் கழுவுங்க, நிறம் தன்னால வரும்" என்பார் மாமா.

தத்துவம் இதுதான். எந்தப் பொருளுக்கும் சொந்த நிறம் கிடையாது. வெளிச்சம் அதன்மேல் கொஞ்ச நேரம் தங்கிப் போகிறது. ஆகவே சட்டை சிவப்பு என்று சொல்லக் கூடாது. சிவப்பில் நிற்கிறது என்று சொல்ல வேண்டும். நிற்கிற நிறமும் இரண்டு வகை: மேலிருந்து விழுவது, உள்ளிருந்து வருவது. உள்ளிருந்து வருவதுதான் உசத்தி. எல்லாவற்றுக்கும் மேலாக, ஒருவர் தன் கண்ணை மட்டும் நம்பி நிறம் சொல்லக் கூடாது. பிறை கண்டதற்குச் சாட்சி கேட்பதுபோல, நிறத்துக்கும் இன்னொரு கண் சாட்சி சொல்ல வேண்டும்.

எங்கள் வீட்டில் அந்த இன்னொரு கண் நான். எனக்கு ஒன்பது வயது.

"இந்தச் சாரன் என்ன நிறத்துல நிக்குது மகள்?"

"நீலத்துல வாப்பா."

ஒரு நாள் அலுத்துப் போய், "உங்களுக்குத்தான் தெரியுதே வாப்பா, என்னத்துக்கு என்னக் கேக்கிறீங்க?" என்றேன். வாப்பா சாரனை மடித்துக் கதிரையில் வைத்தார். உம்மா என்னைக் குசினிக்குள் இழுத்துப் போய்க் கையைக் கிள்ளினார். "கேட்டாச் சொல்லணும். திருப்பிக் கேக்கப்படாது. விளங்கிச்சா?" அவருடைய கண் கலங்கியிருந்தது. அடுப்புப் புகை என்று நினைத்தேன். அன்றிலிருந்து கேட்ட உடனேயே ஒரு நிறத்தைச் சொல்லிவிடுவேன்.

அந்த வருஷம் மழை முந்தி வரும் என்று பேச்சிருந்தது. நாங்கள் உப்புச் செய்த பாத்தி எங்களுடையது அல்ல. போன முறை விளைச்சல் பொய்த்திருந்ததால், இந்த முறையும் பொய்த்தால் வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவேன் என்று பாத்தியின் சொந்தக்காரர் எங்கள் வாசலில் நின்று சொல்லிவிட்டுப் போயிருந்தார். உம்மா அன்றைக்குச் சோற்றில் உப்புப் போட மறந்தார். வாப்பாவும் எதுவும் கேட்காமல் சாப்பிட்டார்.

விளைச்சல் பாத்தியில் உப்பு இறங்கி வெள்ளையாகக் கிடந்தது. அதன்மேல் இன்னொரு தரம் பழுத்த தண்ணீர் பாய்ச்சினால் உப்புப் படலம் தடிக்கும். மழைக்கு முன் வாரிவிடலாம். மேல் பாத்தியில் தண்ணீர் வெயிலில் வற்றி வற்றிப் பச்சையிலிருந்து ரோஸுக்கு வர வேண்டும். அதுதான் பழுப்பது. பச்சையில் திறந்துவிட்டால் இறங்கிய உப்பையும் கரைத்துவிடும். தண்ணீரில் உப்பு எவ்வளவு என்று அளக்கிற கண்ணாடிக் குழாய் ஒன்று எங்களிடமும் இருந்தது. அதன் சின்னக் கோடுகளை யார் வாசிப்பது, நிறமே போதும் என்று வாப்பா அதை அலுமாரிக்குள் வைத்துவிட்டார்.

அன்று பின்னேரம் தெற்கே மேகம் கட்டியது. மூவரும் வரம்பில் நின்று வெகுநேரம் பேசினார்கள். பிறகு என்னைக் கூட்டிப்போக மாமா சைக்கிளில் வீட்டுக்கு வந்தார். நாங்கள் போய்ச் சேர்ந்தபோது மஃரிப் தொழுகைக்குக் கொஞ்ச நேரமே இருந்தது. சூரியன் களப்பின்மேல் இறங்கியிருந்தது. வாப்பா மதகுப் பலகையில் கை வைத்தபடி நின்றார்.

"பாருங்க மகள். மேல்பாத்தி என்ன நிறத்துல நிக்குது?"

பார்த்தேன். ரோஸாகத்தான் இருந்தது. ஆனால் வரம்பும் ரோஸாக இருந்தது, மாமாவின் வெள்ளைத் தொப்பியும் ரோஸாக இருந்தது. நீங்களும் ஒருக்காப் பாருங்க வாப்பா என்று சொல்ல வாயெடுத்தேன். உம்மா கிள்ளிய இடம் நினைவுக்கு வந்தது.

"ரோஸுல நிக்குது வாப்பா."

"மேல இருந்து விழுறதா, உள்ள இருந்து வாறதா?"

"சரியாப் பார்த்துச் சொல்லு புள்ள" என்றார் கூட்டாளி. "இருட்டப் போவுது."

எந்தப் பதிலைச் சொன்னால் அவர்களுக்குப் பிடிக்கும் என்று எனக்குத் தெரியும். வழக்கமாக அந்தப் பதிலுக்குத்தான் மாமா என் தலையைத் தடவுவார்.

"உள்ள இருந்து."

வாப்பா பிஸ்மில்லா சொல்லிப் பலகையைத் தூக்கினார்.

காலையில் வெள்ளை இல்லை. பாத்தி முழுக்கச் சாம்பல் நிறச் சேறும் அதன்மேல் பச்சைத் தண்ணீரும். உம்மாதான் முதலில் கண்டு, "யா அல்லாஹ், கரைஞ்சி போச்சே" என்றார். நான் அவருடைய முந்தானைக்குள் ஒளிந்துகொண்டேன். வாப்பா குனிந்து, சேற்றை விரலால் தொட்டு நாக்கில் வைத்தார். பிறகு மாமாவிடம், "புள்ளையில பிழையில்ல மச்சான். நாமதான் பிந்திக் கேட்டது. உச்சி வெயில்ல கேட்டிரிக்கணும்" என்றார். என்னை ஒரு சொல் ஏசவில்லை. ஏசியிருந்தால் கொஞ்சம் தூங்கியிருப்பேன்.

பாத்தி வேறு ஆளுக்குப் போனது. கலர் ஜமாஅத்தும் அதோடு முடிந்தது. வாப்பா சீமெந்துக் கடையில் மூட்டை ஏற்றும் வேலைக்குப் போனார். அங்கே எல்லா மூட்டையும் ஒரே நிறம்.

வெகுகாலம் அந்த மாலையை நினைக்கும்போதெல்லாம் நான் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தேன். பச்சையா, ரோஸா என்று. அங்கே நின்ற ஆட்களைப் பார்க்க எனக்குத் தோன்றவில்லை. உப்பு வெயிலில் கண் வெந்துபோன மூன்று பேர், அதை ஒருவருக்கொருவர் சொல்ல வெட்கப்பட்டு, நிறத்தைக் கேட்டறிய மரியாதையான ஒரு வழியைச் செய்துவைத்திருந்தார்கள். பாத்தி அவர்களிடமிருந்து பத்தடி தூரத்தில்தான் இருந்தது. ஒருவர்கூடத் தண்ணீரின் பக்கம் திரும்பவில்லை. மூவரும் என் வாயையே பார்த்துக்கொண்டு நின்றார்கள்.