ரைட்டர் தனியாகச் சாப்பிடும் காட்சி

இன்று வெள்ளக்கடை ஊர் டீக்கடையில், வாடகை வி.சி.ஆரில் என் பத்து நிமிடப் படத்தை எஸ்டேட் ஆட்களுக்குப் போட்டுக் காட்டினேன்.

பெயர் ‘தனியாள்’. காப்பி எஸ்டேட்டில் கணக்கு எழுதும் ரைட்டர் ஒருவர் எழுகிறார், காப்பிப் பழம் எடை போடுகிறார், தனியாகச் சாப்பிடுகிறார், தூங்குகிறார். வசனமே கிடையாது. நல்ல படம்; எனக்கு அதில் சந்தேகமே இல்லை.

பழம் பறிக்கும் செல்லம்மா அக்கா எழுந்தார்.

“ஏனுங்க, ரைட்டரு என்னிக்குங்க தனியா சாப்புட்டாரு? மத்தியானம் எல்லாரும் வட்டமா உக்காந்து கொழம்பு மாத்திக்குவோம். நீங்கதான் எங்களைத் தள்ளிப் போகச் சொன்னீங்க.”

“படத்துக்காகத்தானுங்க” என்றேன்.

“படம் புடிச்ச நாலு நாளும் சாப்பிடக் கூப்புட்டோம். நீங்கதான் பாறை மேல ஒத்தையில உக்காந்து பன்னு தின்னீங்க.”

தலைப்பு சரிதான். ஆளைத்தான் மாற்றிப் பிடித்துவிட்டேன்.

மறுபடி எடுக்கிறேன். கேமரா பிடிக்க யார் வருகிறீர்கள்?