அருள்தாஸ் ஐயாவும் அரையாண்டுக் கையெழுத்தும்

போன வாய்தாவுக்கு நாமக்கல் நீதிமன்ற வராந்தாவில் நின்றிருந்தேன். வக்கீல் குமாஸ்தா வந்து, "நம்ம கையெழுத்து எக்ஸ்பர்ட் ஐயா தவறிட்டாருங்க. சேலத்துல நேத்தே அடக்கமாம்" என்றார். எனக்கு முதலில் துக்கம் வரவில்லை. மேல்முறையீட்டில் இனி அவரைக் கூண்டில் ஏற்ற முடியாதே என்றுதான் தோன்றியது. அருள்தாஸ் ஐயாவை அறிந்தவர்கள் என்னை மன்னிக்க வேண்டியதில்லை.

வழக்கு எனக்கும் அண்ணனுக்கும். மோகனூரில் கிணற்றோடு இரண்டு ஏக்கர். அப்பா இறந்த பிறகு அண்ணன் ஒரு கூர்ச்சீட்டை நீட்டினார். நான் பதினொன்றாம் வகுப்பு படித்த வருடமே அப்பா அதில் கையெழுத்திட்டு நிலத்தை அவருக்குப் பிரித்துக் கொடுத்துவிட்டாராம். போலி என்று வழக்குப் போட்டேன். ஒப்பிட்டுப் பார்க்க அந்த வருடத்துக் கையெழுத்து வேண்டும். பத்திரங்கள் எல்லாம் அண்ணன் வசம். என்னிடம் இருந்தது என் ரேங்க் கார்டு. காலாண்டு, அரையாண்டு, முழு ஆண்டு என மூன்று கையெழுத்துகள். மூன்றும் அப்பாவுடையவை என்று பிரமாணம் செய்து கொடுத்தேன்.

நீதிமன்றம் அவற்றை ஐயாவிடம் அனுப்பியது. காலாண்டும் முழு ஆண்டும் ஒரு கை, அரையாண்டும் கூர்ச்சீட்டும் இன்னொரு கை என்று அறிக்கை வந்தது. என் பிரமாணத்தையே பொய்யாக்கிவிட்டாரே என்று சண்டைக்கென்றே சேலத்தில் அவர் வீட்டுக்குப் போனேன். கேட்டைத் திறக்காமலே பேசினார்.

"கேஸ் முடியற வரைக்கும் உள்ள கூப்பிட மாட்டேங்க, சாமி. உங்கப்பா கையெழுத்துக் கடைசியில வால் இழுக்கறப்ப பேனாவைத் தூக்க மாட்டாரு. அரையாண்டு, கூர்ச்சீட்டு ரெண்டுலயும் தூக்கியிருக்கு."

"அப்ப யாரு போட்டது?"

"நான் காயிதத்துக்குத்தான் சாட்சி. ஆளு யாருன்னு உங்களுக்குத்தான் தெரியும். கோர்ட்ல சொல்லிருங்க."

பேருந்தில் திரும்பும்போது நினைவு வந்தது. அந்த அரையாண்டில் நான் கணக்கில் தோற்றேன். "அழுவாத, குடு. அப்பா பாத்தா தோலை உரிச்சிருவாரு" என்று என் பேனாவையே வாங்கிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தவர் அண்ணன்.

நான் சொல்லவில்லை. இருபத்தைந்து வருடமாகக் கல்லூரியில் பாடம் நடத்துகிறவன், தவறாகச் சத்தியம் செய்துவிட்டேன் என்று எப்படிச் சொல்வது? குறுக்கு விசாரணையில் அண்ணனின் வக்கீல், "வாதியே மூணும் அப்பா போட்டதுன்னு சொல்றாரு. காலாண்டுக்கு ஒரு அப்பா, அரையாண்டுக்கு ஒரு அப்பாங்களா?" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். அண்ணன் மட்டும் சிரிக்கவில்லை. ஐயா, "கை வேறதாங்க" என்று சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார். நான் தலையைக் குனிந்துகொண்டேன். அரையாண்டுக் கையெழுத்து அப்பாவுடையது என்று நானே ஒப்புக்கொண்டிருப்பதால் கூர்ச்சீட்டும் உண்மை என்று தீர்ப்பானது.

அதன் பிறகு அவர் விலைபோனவர் என்று ஊரெல்லாம் சொன்னேன். உங்களில் சிலர் என் வாயாலேயே கேட்டிருப்பீர்கள். அது பொய். அவர் இருக்கும்வரை இதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இப்போது சொல்வதால் நிலம் வரப்போவதுமில்லை.

அவருடையது என்று என்னிடம் இருப்பது, அறிக்கையோடு அவர் இணைத்த படம் ஒன்று. அரையாண்டுக் கையெழுத்தை உள்ளங்கை அகலத்துக்குப் பெரிதாக்கி, பேனா தூக்கிய இடத்தில் சிவப்பில் அம்புக்குறி போட்டிருக்கிறார். நான் அடி வாங்கக் கூடாதென்று கையெழுத்துப் போட்ட அண்ணனின் கை ஒரு கணம் தயங்கிய இடம் அது.