டிரம்முக்கு இட்ட சந்தனம்

இரண்டாயிரமாம் ஆண்டுகளில் கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் என் தம்பி சிறிய முலாம் பட்டறை ஒன்றை நடத்தினான். ஆயுத பூசையன்று அங்கே பதிகம் பாடுவது என் வழக்கம். ஓர் ஆண்டு, பூசை முடிந்த இரண்டாம் நாளே மாசுக் கட்டுப்பாட்டு அதிகாரி ஆய்வுக்கு வந்துவிட்டார்.

முலாம் தொட்டியின் அடியில் தங்கும் நச்சு வண்டலைக் குறித்த கெடுவுக்குள் நச்சுக் கழிவுகளுக்கான பொதுக் கிடங்குக்கு அனுப்பிவிட வேண்டும். எங்களுக்கோ ஒரு லாரி நிரம்ப மாதக்கணக்காகும். கெடுவை நீட்டித்துத் தரும்படி தம்பி மனுச் செய்திருந்தான். மறுத்துவிட்டால் பட்டறையை மூடவேண்டியதுதான் என்று கலங்கியிருந்தான்.

அதிகாரி இளம்பெண். வண்டலை டிரம்களில் அடைத்து வைத்திருந்த கொட்டகையைத் திறந்ததும் திகைத்து நின்றார். ஒவ்வொரு டிரம்மின் மேலும் கையகலச் சந்தனம், நடுவே குங்குமம். மண்டையோட்டுப் படத்தோடு அபாயம் என்று அறிவிக்கும் மஞ்சள் ஒட்டுத்தாள் ஒன்றுகூடத் தெரியவில்லை.

"உள்ளே என்ன, பிரசாதமா?" என்றார்.

பொட்டிட்டவள் பட்டறையில் வேலை செய்யும் பெண். "எல்லா மிசினுக்கும் வெச்சிட்டு இதுக்கு மட்டும் வெக்காம உட்டா கோச்சிக்காதா மேடம்?"

"மண்டையோட்டுப் படத்துக்கே பொட்டு வெச்சிக்கினு நிக்கிறா பாருங்க!" என்று தம்பி பல்லைக் கடித்தான்.

எனக்கு வேறோர் ஐயம். பச்சிலையையும் பொன்மலரையும் இறைவன் ஒன்றாகவே ஏற்பான் என்று பாடுபவன் நான். சட்டம் எப்படி?

"பக்கத்து ஆலையில மலை மாதிரி சேருதும்மா. எங்க நாலு டிரம்முக்கும் அதே சட்டமா?"

"விஷம் ரெண்டு எடத்துலயும் ஒண்ணுதானே ஐயா? கூரை, கசியாத தரை, லேபிள், இதுல பெரியவங்க சின்னவங்க கிடையாது. உங்களுக்குச் சேர நாளாகும். அதனால காலம் மட்டும் கூடக் கேக்கலாம். உள்ள என்னன்னே தெரியாத டிரம்முக்கு எப்படி நான் காலம் கொடுக்கச் சொல்றது?"

அளவு சிறிதென்றால் பொறுத்திருக்கும் சட்டம், நஞ்சென்றால் பொறுப்பதில்லை. அந்தப் பகுப்பை நான் வியந்துகொண்டிருக்கையில், பொட்டிட்டவள் ஈரத்துணியால் சந்தனத்தையும் டிரம்மில் வழிந்திருந்த வண்டலையும் துடைத்தெடுத்தாள். எழுத்துகள் வெளிப்பட்டன. துணியைக் குப்பையில் எறியப் போனாள்.

"அதுவும் டிரம்முக்குள்ளதான் போகணும்," என்றார் அதிகாரி.

"சாமி சந்தனம் மேடம் இது! விஷத்தோடயா போடச் சொல்றீங்கோ?"

"விஷம் அதுல பட்டுடுச்சே."

அவள் என்னைப் பார்த்தாள். இறைவன் மேனி தொட்ட மலரைக் கால்படும் இடத்தில் நாங்கள் எறிவதில்லை. தொட்டதன் இயல்பு ஒட்டிக்கொள்ளும் என்பதை அறிந்தவன்தான்; நஞ்சுக்கும் அது பொருந்துமென எண்ணிப் பார்த்ததில்லை.

"போடும்மா," என்றேன்.

மூடி இறுகிய பிறகே அதிகாரி தம்பியின் பக்கம் திரும்பினார். "நீட்டிக்கலாம்னு பரிந்துரை எழுதுறேன்."

அடுத்த பூசையில் சந்தனம் கொட்டகைக் கதவோடு நின்றது.